மாயாவதி: நான்கு முறை முதல்வர், பிறகு ஒற்றைத் தொகுதி. நடுவில் நடந்தது என்ன?

கேள்வி இது: “மாயாவதியை வடக்கின் ஜெயலலிதா என்கிறார்கள். உத்தரப் பிரதேசத்தின் முதல்வராக நான்கு முறை இருந்தவர். அவருடைய கட்சி 2022 சட்டமன்றத் தேர்தலில் ஒரே ஒரு தொகுதியில் வென்றது. 2024 மக்களவைத் தேர்தலில் அதுவும் இல்லை. அவ்வளவு மேலே போனவர் எப்படி இப்படிச் சரிந்தார்? ஊழல் வழக்குகள்தான் காரணமா?”

ஜெயலலிதா ஒப்பீட்டை முதலில் ஓரமாக வைத்துவிடலாம். ஜெயலலிதா கைக்கு வந்தது பத்தாண்டு ஆண்ட கட்சி. இரட்டை இலையும் ஊர்தோறும் கிளைகளும் ஏற்கெனவே இருந்தன. மாயாவதி முதன்முதலில் மக்களவைத் தேர்தலில் நின்ற 1984 டிசம்பரில் பகுஜன் சமாஜ் கட்சிக்கு (பி.எஸ்.பி.) வயது எட்டு மாதம். வழக்குகளும் சரிவுக்குக் காரணமில்லை. எந்த வழக்கிலும் அவர் தண்டிக்கப்படவில்லை. தாஜ் வழக்கும் சொத்து வழக்கும் (இரண்டும் கீழே வரும்) தலைக்கு மேல் தொங்கிக்கொண்டிருந்த 2007இல்தான் அவர் தனிப் பெரும்பான்மை பெற்றார்.

காரணம் ஓட்டுக் கணக்கில் இருக்கிறது. 2007 சட்டமன்றத் தேர்தலில் பி.எஸ்.பி. வாங்கியது 30.43 சதவீதம், கிடைத்தது 403இல் 206 தொகுதி. 2012இல் ஏறத்தாழ 26 சதவீதம், 80 தொகுதி. நாலரை சதவீதம் குறைந்ததற்கு 126 தொகுதிகள் பறிபோயின. 2014 மக்களவைத் தேர்தலில் மாநிலத்தில் 19.6 சதவீதம் வாங்கி ஒரு தொகுதியும் இல்லை. 2019இல் கிட்டத்தட்ட அதே 19 சதவீதம், ஆனால் 10 தொகுதி. அவர் வாழ்க்கையின் எல்லாத் திருப்பங்களும் இந்த எண்களுக்குள் அடங்கும். எனவே அந்த ஓட்டு எங்கிருந்து வந்தது என்பதிலிருந்து தொடங்க வேண்டும்.

மாயாவதி பிறந்தது 1956 ஜனவரி 15, டெல்லியில். பூர்வீகம் தாத்ரி பக்கத்திலுள்ள பாதல்பூர் கிராமம். அப்பா பிரபு தாஸ் தபால் துறை ஊழியர். ஜாதவ் என்ற பட்டியல் சாதிக் குடும்பம், பிள்ளைகள் பலர். காளிந்தி கல்லூரியில் பி.ஏ., பிறகு பி.எட்., பின்னாளில் டெல்லிப் பல்கலைக்கழகத்தில் சட்டம். பகலில் டெல்லி இந்தர்புரி குடிசைப்பகுதிப் பள்ளியில் ஆசிரியை, இரவில் ஐ.ஏ.எஸ். தேர்வுக்குப் படிப்பு. 1977இல் டெல்லி கான்ஸ்டிட்யூஷன் கிளப்பில் நடந்த சாதி ஒழிப்பு மாநாட்டில், அப்போது மத்திய அமைச்சராக இருந்த ராஜ் நாராயண் பேச்சு முழுக்க ‘ஹரிஜன்’ என்ற சொல்லையே பயன்படுத்தினார். இந்திரா காந்தியைத் தேர்தலில் தோற்கடித்த பெருமையோடு இருந்தவர் அவர். 21 வயது மாயாவதி மேடையேறி, அரசமைப்பில் எங்களுக்கு இருக்கும் பெயர் அதுவல்ல, அந்தச் சொல் எங்களை இழிவுபடுத்துகிறது என்று முகத்துக்கு நேராகச் சொன்னார். இந்தச் செய்தி கன்ஷிராம் காதுக்குப் போனது. அவர் ஒரு நாள் இரவு மாயாவதியின் வீட்டுக்கே வந்தார். ஐ.ஏ.எஸ். அதிகாரியாக வேண்டும் என்ற ஆசையைக் கேட்டுவிட்டு, ஐ.ஏ.எஸ். அதிகாரிகள் உன் உத்தரவுக்காக வரிசையில் நிற்கும்படி செய்கிறேன் என்று சொன்னதாகப் பதிவு. அப்பா ஒப்பவில்லை. மாயாவதி வீட்டை விட்டு வெளியேறினார்.

கன்ஷிராம் யார் என்று தெரியாமல் மாயாவதியைப் புரிந்துகொள்ள முடியாது. பஞ்சாப் ரோபர் மாவட்டத்துக்காரர், 1934இல் பிறந்தவர், புனேயில் வெடிமருந்து ஆராய்ச்சிக் கூடத்தில் வேலை பார்த்தவர். 1978இல் பாம்செஃப் என்ற அமைப்பைத் தொடங்கினார். பட்டியல் சாதி, பழங்குடி, பிற்பட்ட, சிறுபான்மை அரசு ஊழியர்களின் அமைப்பு அது. அரசு ஊழியர் தேர்தலில் நிற்க முடியாது, ஆனால் சம்பளத்தில் ஒரு பங்கைத் தர முடியும். பணத்துக்கும் படிப்புக்கும் பாம்செஃப், தெருப் போராட்டத்துக்கு 1981இல் டி.எஸ்.4, தேர்தலுக்கு 1984 ஏப்ரல் 14 அன்று, அம்பேத்கர் பிறந்த நாளில், பி.எஸ்.பி. என்று மூன்று படிகளாகக் கட்டினார். யானைச் சின்னமும் அம்பேத்கரின் பட்டியல் சாதியினர் கூட்டமைப்பு பயன்படுத்திய சின்னம்தான். (விஜய் கட்சிக் கொடியில் யானை வந்தபோது 2024இல் தமிழ்நாட்டு பி.எஸ்.பி. ஏன் சண்டைக்கு வந்தது என்று வியந்தவர்களுக்கு விடை இதில் இருக்கிறது.)

முதல் தேர்தல் தோற்பதற்கு, இரண்டாவது தேர்தல் தோற்கடிப்பதற்கு, மூன்றாவதுதான் ஜெயிப்பதற்கு என்பார் கன்ஷிராம். மாயாவதி அதை அப்படியே நடத்திக் காட்டினார். 1984இல் கைரானாவில் மூன்றாமிடம். 1985 பிஜ்னோர் இடைத்தேர்தலில் காங்கிரஸின் மீரா குமாரும் ராம் விலாஸ் பாஸ்வானும் மோதிய களத்தில் மறுபடி மூன்றாமிடம். 1987 ஹரித்வார் இடைத்தேர்தலில் ஒரு லட்சத்துக்கு மேல் ஓட்டு வாங்கி இரண்டாமிடம். அங்கே பாஸ்வான் டெபாசிட் இழந்தார். 1989இல் பிஜ்னோரில் சுமார் 9,000 ஓட்டு வித்தியாசத்தில் வென்று மக்களவைக்குப் போனார். இடையில் நடந்தது சைக்கிளும் கால்நடையுமாகக் கிராமம் கிராமமாக அலைந்த வேலை. பத்திரிகைகள் கண்டுகொள்ளாத, அதனாலேயே எதிரிகளும் அசட்டையாக விட்ட வேலை.

இப்போது அந்த ஓட்டின் உள்ளமைப்பு. 2001 மக்கள்தொகைக் கணக்கின்படி உத்தரப் பிரதேசத்தில் பட்டியல் சாதியினர் 21.1 சதவீதம். அதில் பாதிக்கு மேல், ஏறத்தாழ 56 சதவீதம் பேர், மாயாவதி பிறந்த சமார்–ஜாதவ் சமூகம். ஆக மாநில மக்கள்தொகையில் அவர்கள் சுமார் 12 சதவீதம். பாசி, வால்மீகி, கோரி, தோபி என மற்றவர்கள் சிதறிக் கிடக்கிறார்கள். அந்த 12 சதவீதம் பி.எஸ்.பி.யின் அசையாச் சொத்தாக இருந்தது. அதற்கு ஒரு தனிக்குணம் உண்டு: தலைமை கைகாட்டினால் வேறு கட்சி வேட்பாளருக்கும் அப்படியே போகும். வட இந்திய அரசியலில் இதை ‘ஓட்டு டிரான்ஸ்ஃபர்’ என்பார்கள். இப்படிக் கைமாற்றித் தரக்கூடிய ஓட்டு இந்தியாவில் மிகச் சில தலைவர்களிடமே இருந்தது. சிக்கல், இந்த 12 சதவீதம் தனியாக எந்தத் தொகுதியையும் ஜெயித்துத் தராது. மேலே பதினைந்து, இருபது சதவீதம் யாராவது சேர வேண்டும். அந்த ‘யாராவது’ யார் என்ற தேடல்தான் அவருடைய முப்பதாண்டு அரசியல்.

முதல் விடை முலாயம் சிங் யாதவ். பாபர் மசூதி இடிப்புக்குப் பின் வந்த 1993 தேர்தலில் அவருடைய சமாஜ்வாதி கட்சி 256 இடங்களிலும் பி.எஸ்.பி. 164 இடங்களிலும் நின்றன. கிடைத்தது 109, 67. தனிப்பெரும் கட்சி 177 இடம் பெற்ற பாஜகதான். ஆனாலும் முலாயம் முதல்வரானார். தலித்தும் பிற்பட்டோரும் சேர்ந்தால் போதும் என்று தாளில் போட்ட கணக்கு கிராமத்தில் வேகவில்லை. கூலி, நிலம், பஞ்சாயத்து என்று எதை எடுத்தாலும் தலித்துக்கு எதிரில் நின்றது பார்ப்பனரைவிட நிலம் வைத்திருந்த இடைநிலைச் சாதிக்காரர்தான். உரசல் முற்றி 1995 ஜூன் 1 அன்று பி.எஸ்.பி. ஆதரவை விலக்கிக்கொண்டது. மறுநாள் லக்னோ மீராபாய் அரசு விருந்தினர் மாளிகையில் மாயாவதி தன் எம்.எல்.ஏ.க்களுடன் இருந்தபோது சமாஜ்வாதி எம்.எல்.ஏ.க்களும் ஆட்களும் கட்டடத்தைச் சூழ்ந்தார்கள். சில எம்.எல்.ஏ.க்கள் தூக்கிச் செல்லப்பட்டார்கள். மாயாவதி அறைக் கதவைப் பூட்டிக்கொண்டு மணிக்கணக்கில் உள்ளே கிடந்தார். வெளியே சாதிப்பெயர் சொல்லி வசைமாரி. பாஜகவின் பிரம்ம தத் திவேதியும் சில போலீஸ் அதிகாரிகளும் குறுக்கே நின்றதால் தப்பினார். ‘கெஸ்ட் ஹவுஸ் காண்ட்’ (விருந்தினர் மாளிகைச் சம்பவம்) என்று இன்றும் பேசப்படும் இந்த நாள், இரு கட்சிகளையும் 24 ஆண்டுகள் பிரித்து வைத்தது.

மறுநாள், 1995 ஜூன் 3, பாஜகவின் வெளி ஆதரவுடன் 39 வயதில் முதல்வர். இந்தியாவில் ஒரு மாநிலத்தின் முதல்வரான முதல் தலித் பெண். அந்த ஆட்சி நாலரை மாதம்தான் நீடித்தது. ஆனால் மாவட்ட ஆட்சியர், காவல் கண்காணிப்பாளர் பதவிகளில் தலித் அதிகாரிகள் வந்தார்கள். அம்பேத்கர் நகர் என்று புதிய மாவட்டம் வந்தது. தலித் மக்கள் நிறைந்த கிராமங்களைத் தேர்ந்தெடுத்துச் சாலை, அடிபம்பு, மின்சாரம், வீடு கொண்டுபோகும் அம்பேத்கர் கிராமத் திட்டம் வேகம் பிடித்தது. தமிழ் வாசகர்களுக்குத் தெரிந்திருக்க வேண்டிய ஒன்றும் அப்போதுதான் நடந்தது: 1995 செப்டம்பரில் லக்னோவில் பெரியார் மேளா. ராமாயணத்தைக் கிழித்துப் பேசிய ஒருவருக்கு, ராமர் கோயில் கட்சியின் தயவில் ஆளும் முதல்வர், அயோத்தி இருக்கும் மாநிலத்தின் தலைநகரில் விழா எடுத்தார். பாஜகவுக்குள் கொதித்தது. அக்டோபரில் ஆதரவு போனது; பெரியார் மேளா மட்டுமே காரணமில்லை என்றாலும் பெரிய காரணங்களில் ஒன்று. பின்னாளில் பாஜக தயவில் 2002இல் வந்தபோது பெரியார் சிலை விஷயத்தில் அவர் பின்வாங்கியது கவனிக்கத்தக்கது.

கன்ஷிராம் வெளிப்படையாகவே சொல்வார்: வலுவான அரசு எங்களுக்கு வேண்டாம், எங்களிடம் கையேந்தும் அரசு வேண்டும். கொள்கைத் தோழமை பார்க்காமல் யாருடனும் சேர்ந்து யாரையும் கவிழ்த்தது இந்தக் கணக்கில்தான். 1996இல் காங்கிரஸுடன் கூட்டு: பி.எஸ்.பி. 296 இடத்தில் நின்றது, காங்கிரஸ் 126இல். கிடைத்தது 67, 33. பி.எஸ்.பி.க்கு ஒரு இடம்கூடக் கூடவில்லை, காங்கிரஸுக்குத்தான் லாபம். எங்கள் ஓட்டு அவர்களுக்குப் போகிறது, அவர்கள் ஓட்டு எங்களுக்கு வருவதில்லை என்ற முடிவுக்கு மாயாவதி அப்போது வந்தார். அதன் பிறகு உத்தரப் பிரதேசத்தில் பல ஆண்டுகளுக்குத் தேர்தலுக்கு முந்தைய கூட்டணியே இல்லை.

1997இல் பாஜகவுடன் விசித்திரமான ஒப்பந்தம்: ஆறு மாதம் நீ, ஆறு மாதம் நான். மார்ச் 21 முதல் செப்டம்பர் 21 வரை மாயாவதி. பிறகு பாஜகவின் கல்யாண் சிங் வந்ததும் ஒரே மாதத்தில் ஆதரவை விலக்கினார். கல்யாண் சிங் கவிழவில்லை, பி.எஸ்.பி.யை உடைத்துப் பிழைத்தார். அன்றைய கட்சித்தாவல் சட்டப்படி சட்டமன்றக் கட்சியில் மூன்றில் ஒரு பங்கினர் பிரிந்தால் பதவி போகாது. 67இல் மூன்றில் ஒன்று என்றால் 23 பேர். கொறடா உத்தரவை மீறி வாக்களித்தவர்கள் 12 பேர்தான். ஆனாலும் 23 பேர் பிரிந்ததாகப் பேரவைத் தலைவர் ஏற்றுக்கொண்டார். பி.எஸ்.பி. உச்ச நீதிமன்றம் போனது. மூன்று நீதிபதிகள், மூன்று கருத்துகள்: தகுதி நீக்கம் என்று ஒருவர், பேரவைத் தலைவர் செய்தது சரி என்று ஒருவர், அரசமைப்பு அமர்வுக்கு அனுப்புவோம் என்று தலைமை நீதிபதி. தாவியவர்கள் பதவியில் தொடர்ந்தார்கள்.

2003இல் இதே கதை திரும்பியது. மூன்றாம் முறை முதல்வராக இருந்த மாயாவதி ராஜினாமா செய்த கையோடு 13 எம்.எல்.ஏ.க்கள் முலாயமை அழைக்கச் சொல்லி ஆளுநரிடம் போனார்கள். பிறகு இன்னும் 24 பேர் சேர்ந்து 37. அப்போது கட்சியில் இருந்தது 109 பேர் என்பதால் மூன்றில் ஒரு பங்கு மிகச் சரியாக வந்துவிட்டது. முதலில் போன 13 பேரும் அன்றே தகுதி இழந்தவர்கள் என்று உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது 2007 பிப்ரவரியில். பேரவையின் ஆயுள் முடிய மூன்று மாதம் இருந்தபோது. மூன்றில் ஒரு பங்கு விதியை நாடாளுமன்றம் 2003ஆம் ஆண்டுத் திருத்தத்தில் நீக்கியதற்கு இம்மாதிரிக் கூத்துகளே காரணம். பி.எஸ்.பி. எம்.எல்.ஏ.க்கள் ஏன் இத்தனை எளிதாக விலைபோனார்கள்? ஓட்டு கட்சியுடையது, செலவு வேட்பாளருடையது என்ற ஏற்பாடு. ஓரளவு வசதியுள்ள, கட்சியோடு பழைய தொடர்பில்லாத வேற்றுச் சாதி ஆளுக்கு டிக்கெட் போனது. டிக்கெட்டுக்குப் பணம் வாங்குகிறார்கள் என்ற குற்றச்சாட்டு கடைசிவரை கட்சியை விடவில்லை. அப்படி வந்தவருக்கு விசுவாசம் எங்கிருந்து வரும்?

நடுவில் டெல்லியில் ஒரு காட்சி. 1999 ஏப்ரலில் அதிமுக ஆதரவை விலக்கியதால் வாஜ்பாய் நம்பிக்கை வாக்கு கோரினார். பி.எஸ்.பி.க்கு ஐந்து எம்.பி.க்கள். வாக்களிக்காமல் ஒதுங்கி இருப்பார்கள் என்று பாஜக நம்பியிருந்தது. 17ஆம் தேதி அவையில் ஐவரும் எதிர்த்து வாக்களித்தார்கள். 269–270, ஒரே வாக்கில் அரசு போனது. அந்தக் கவிழ்ப்பை நம் ஊரில் ஜெயலலிதா கலந்துகொண்ட தேநீர் விருந்தோடு மட்டும் நினைவில் வைத்திருக்கிறோம். முடித்து வைத்ததில் மாயாவதிக்கும் பங்கு உண்டு.

மூன்றாம் முறை 2002 மே முதல் 2003 ஆகஸ்ட் வரை, மறுபடி பாஜக துணையுடன். 2002 தேர்தலில் பி.எஸ்.பி. வென்றது 98 இடம், சமாஜ்வாதி 143. இந்தக் காலத்தில்தான் பிரதாப்கட் பக்கம் தனி ராஜாங்கம் நடத்திவந்த ராஜா பய்யாவைப் பொடா சட்டத்தில் உள்ளே வைத்தார். இந்தக் காலத்தில்தான் தாஜ் வழக்கும் வந்தது. தாஜ் மகாலுக்கும் ஆக்ரா கோட்டைக்கும் இடையே யமுனைக் கரையில் ₹175 கோடி மதிப்பில் வணிக வளாகம் கட்டும் திட்டம். உச்ச நீதிமன்றம் சிபிஐ விசாரணைக்கு உத்தரவிட்டது. முதல்வர் மீது வழக்கு நடத்த ஆளுநரின் அனுமதி வேண்டும். அதை 2007 ஜூனில் மறுத்தவர் அப்போதைய ஆளுநர் டி.வி. ராஜேஸ்வர், உளவுத்துறைத் தலைவராக இருந்த தமிழர். வழக்கு அங்கேயே நின்றது. அதை ஒட்டி சிபிஐ போட்ட சொத்துக்குவிப்பு வழக்கை 2012 ஜூலை 6 அன்று உச்ச நீதிமன்றம் ரத்து செய்தது. தீர்ப்பைச் சரியாகப் படிக்க வேண்டும்: சொத்து நேர்மையாக வந்தது என்று நீதிமன்றம் சொல்லவில்லை. நாங்கள் விசாரிக்கச் சொன்னது தாஜ் திட்டத்தை, அதைத் தாண்டிப் பொதுவாகச் சொத்தை விசாரிக்கச் சிபிஐக்கு நாங்கள் உத்தரவு தரவில்லை என்றுதான் சொன்னது. வெறும் வரம்புச் சிக்கல். இரண்டு பக்கத்துக்காரர்களும் இதைத் தங்களுக்கு வசதியாகத் திரித்துச் சொல்வதைப் பார்க்கலாம்.

2001 டிசம்பர் 15 அன்று கன்ஷிராம் இவரே வாரிசு என்று அறிவித்தார். 2003 செப்டம்பரில் அவர் பக்கவாதத்தில் விழ, மாயாவதி தேசியத் தலைவரானார். 2006 அக்டோபர் 9 அன்று கன்ஷிராம் மறைந்தார். அடுத்து வந்தது மாயாவதியின் சொந்தக் கணக்கு, என் பார்வையில் சுதந்திர இந்தியாவின் மிகக் கச்சிதமான தேர்தல் வேலைகளில் ஒன்று.

யாதவர்கள் சமாஜ்வாதியிடம். தாக்கூர்களும் அப்போதைய முலாயம் ஆட்சியில் செல்வாக்கோடு இருந்தார்கள். பார்ப்பனர் சுமார் பத்து சதவீதம். காங்கிரஸ் செத்துப்போய், பாஜக தளர்ந்துபோய், போக இடம் இல்லாமல் இருந்தார்கள். கிராமத்தில் தலித்தோடு நேரடி நில மோதல் குறைவு. வழக்கறிஞர் சதீஷ் சந்திர மிஸ்ராவை முன்னால் நிறுத்தி 2005 ஜூனில் லக்னோவில் பிராமண மாநாடு நடத்தினார். தொகுதிதோறும் பார்ப்பனரும் தலித்தும் சேர்ந்து உட்காரும் ‘பாய்சாரா’ குழுக்கள், அதாவது சகோதரத்துவக் குழுக்கள் போடப்பட்டன. ஏறத்தாழ பத்து வாக்குச்சாவடிக்கு ஒரு ‘செக்டர்’, அதற்கு ஒரு பொறுப்பாளர். வேட்பாளரை ஓராண்டுக்கு முன்பே ‘பிரபாரி’ என்ற பெயரில் தொகுதியில் இறக்கிவிடுவார்கள். தன் சாதி ஓட்டைத் திரட்டுவது அவர் வேலை. தலித் ஓட்டைக் கட்சி பார்த்துக்கொள்ளும். ஆரம்பக் காலத்தில் மேல்சாதியினரைச் செருப்பால் அடிக்கச் சொன்ன கோஷம் கட்சியோடு ஒட்டிக்கொண்டிருந்தது. அது போய், இது யானை இல்லை கணேசர், பிரம்மா விஷ்ணு மகேசர் என்ற கோஷம் வந்தது.

403 டிக்கெட்டும் பங்கிடப்பட்ட விதம்: மேல்சாதியினர் 139 (அதில் பார்ப்பனர் 86), பிற்பட்டோர் 110, தலித்துகள் 93, முஸ்லிம்கள் 61. தனித் தொகுதிகளுக்கு வெளியே தலித் வேட்பாளர் அனேகமாக இல்லை என்பதைக் கவனிக்க வேண்டும். தலித் கட்சியின் தந்திரம் அதுவே. பொதுத் தொகுதியில் தலித் ஓட்டு எப்படியும் யானைக்கு வரும், வேட்பாளர் கொண்டுவர வேண்டியது மிச்சத்தை. தனித் தொகுதியில் எல்லாக் கட்சி வேட்பாளரும் தலித் என்பதால் தலித் ஓட்டு கொஞ்சம் சிதறும், முடிவு செய்வது மற்றவர்கள். அங்கேயும் பார்ப்பனக் குழுக்கள் உதவின. தேர்தல் ஆணையம் ஏழு கட்டமாக, மத்தியப் படைகளை வைத்து நடத்தியதால் முன்பு வாக்குச்சாவடிக்கே போக விடாமல் தடுக்கப்பட்டவர்கள் போய் வாக்களித்தார்கள். நாற்கோணப் போட்டி. 30 சதவீதமே பெரும்பான்மைக்குப் போதுமானது. கருத்துக்கணிப்புகள் எதுவும் இதைக் கணிக்கவில்லை.

நான்காம் முறை முதல்வர், 2007 மே 13 முதல் 2012 மார்ச் வரை. உத்தரப் பிரதேசத்தில் ஒரு தேர்தலிலிருந்து அடுத்த தேர்தல் வரை ஒரே முதல்வர் முழுதாக ஆண்டது அதுவே முதல் முறை. நிர்வாகத்தில் அவர் பாணி தனி. மாநிலத்துக்கு ‘கேபினட் செயலாளர்’ பதவியில் ஐ.ஏ.எஸ். அல்லாத, விமானியாக இருந்த சஷாங்க் சேகர் சிங்கை உட்காரவைத்து மொத்த அதிகார வர்க்கத்தையும் அவர் வழியாக நடத்தினார். அமைச்சர்களுக்கே முதல்வரைப் பார்ப்பது அரிது. கிரேட்டர் நொய்டா–ஆக்ரா 165 கிலோமீட்டர் யமுனா விரைவுச்சாலை இவர் காலத்தில் கட்டப்பட்டது. திறந்து வைத்தது அடுத்து முதல்வரான, முலாயமின் மகன் அகிலேஷ். 2011 நவம்பரில் மாநிலத்தை நான்காகப் பிரிக்கும் தீர்மானத்தைச் சில நிமிடங்களில் குரல் வாக்கெடுப்பில் நிறைவேற்றினார். கூட்டணிச் சாதிகளின் மனம் கோணாதிருக்க, வன்கொடுமைத் தடுப்புச் சட்டம் தவறாகப் பயன்படுத்தப்படக் கூடாது என்று அவருடைய அரசே சுற்றறிக்கை அனுப்பியதும் நடந்தது. சகோதரத்துவத்தின் விலை அது.

சிலைகளைப் பற்றிக் கேட்காத ஆளில்லை. லக்னோ கோமதி நகரில் அம்பேத்கர் நினைவிடம், நொய்டாவில் 2011 அக்டோபரில் திறந்த தலித் பிரேரணா ஸ்தல். பின்னதற்கு மட்டும் சுமார் ₹685 கோடி. நகரின் நடுவில் தங்களுக்கென்று ஒரு பெரிய இடம் இருப்பதை முதன்முறையாகப் பார்த்தவர்களுக்கு அது வெறும் கல் இல்லை. ஆண்டாண்டு காலம் யார் யார் பெயரிலோ சமாதிகளும் சாலைகளும் வந்தபோது எழாத செலவுக் கேள்வி இதற்கு மட்டும் எழுந்தது என்ற வாதத்திலும் நியாயம் இருக்கிறது. ஆனால் அம்பேத்கர், கன்ஷிராம் பக்கத்தில் உயிரோடிருக்கும் தன் சிலையையும் நிறுத்தியது, 2010இல் ரூபாய் நோட்டு மாலை போட்டுக்கொண்டது, பிறந்த நாள் நிதி வசூல் எல்லாம் எதிரிக்கு அவரே எடுத்துக் கொடுத்த ஆயுதங்கள். 2012 தேர்தலின்போது ஆணையம் யானைச் சிலைகளைத் துணிபோட்டு மூடச் சொன்னது. ஊர் முழுக்க மூடிய யானைகள் இன்னும் நன்றாகத் தெரிந்தன.

உண்மையான சேதம் வேறிடத்தில். 2008 டிசம்பரில் ஔரையாவில் பொதுப்பணித்துறைப் பொறியாளர் ஒருவர் அடித்துக் கொல்லப்பட்டார், பி.எஸ்.பி. எம்.எல்.ஏ. சேகர் திவாரிக்கு ஆயுள் தண்டனை கிடைத்தது. தேசிய ஊரக நலவாழ்வுத் திட்டப் பணத்தில் ஊழல். அதை ஒட்டி லக்னோவில் 2010, 2011இல் இரண்டு தலைமை மருத்துவ அதிகாரிகள் சுட்டுக் கொல்லப்பட்டார்கள். இரண்டு அமைச்சர்கள் பதவி விலகினார்கள். குண்டர்களின் நெஞ்சில் ஏறி யானைக்கு முத்திரை குத்து என்று கேட்டு வந்த ஆட்சிக்கு இது ஆகாது. 2009 மக்களவைத் தேர்தலில் பிரதமர் கனவோடு இறங்கி மாநிலத்தில் 20 இடத்தோடு நின்றபோதே பார்ப்பனரும் முஸ்லிம்களும் நழுவத் தொடங்கிவிட்டது தெரிந்தது. 2012இல் 85 தனித் தொகுதிகளில் சமாஜ்வாதி 58, பி.எஸ்.பி. 15. தலித்துகள் கைவிட்டதால் வந்த தோல்வி இல்லை இது. சேர்ந்தவர்கள் பிரிந்ததால் வந்தது.

அதுவரையிலும் மீண்டு வரக்கூடிய தோல்விதான். 2014 ஆட்டத்தையே மாற்றியது. பாஜக 42 சதவீதம் வாங்கியது. 30 சதவீதத்தில் ஜெயிக்கலாம் என்ற நாற்கோண உலகம் முடிந்தது. பி.எஸ்.பி. 34 தொகுதிகளில் இரண்டாமிடம் வந்து ஒன்றும் கிடைக்காமல் போனதன் பொருள் இதுதான். கூடவே பாஜக பிற்பட்டோரிலும் தலித்திலும் பி.எஸ்.பி. கவனிக்காமல் விட்ட சிறு சாதிகளைத் தனித்தனியாகப் போய்ச் சேர்த்தது: மௌரியா, ராஜ்பர், பாசி, வால்மீகி. இது கன்ஷிராமின் வேலை, பாஜக செய்தது. இப்படிப் பல சமூகங்களின் தலைவர்கள் பி.எஸ்.பி.யில் வளர்ந்தவர்கள்தான். சுவாமி பிரசாத் மௌரியா 2016இல் வெளியேறினார். நசீமுதீன் சித்திகி 2017இல் நீக்கப்பட்டார். லால்ஜி வர்மாவும் ராம் அச்சல் ராஜ்பரும் 2021இல் நீக்கப்பட்டார்கள். பிரஜேஷ் பாதக் பாஜகவுக்குப் போய் துணை முதல்வரே ஆகிவிட்டார். ஒருவர் போனால் ஒரு தலைவர் போவதில்லை, ஒரு சாதியோடு இருந்த ஒற்றை இணைப்பு அறுகிறது. இரண்டாம் வரிசையை வளரவிடாத கட்சியில் அதை ஒட்டவைக்க ஆள் இல்லை.

2017இல் 22 சதவீதம், 19 இடம். 2019இல் பழையதை விழுங்கிக்கொண்டு சமாஜ்வாதியுடன் கூட்டு. மெயின்புரியில் முலாயமுக்கு ஓட்டுக் கேட்டு ஒரே மேடையில் நின்றார். பி.எஸ்.பி.க்கு 10, சமாஜ்வாதிக்கு 5. பூஜ்யத்திலிருந்து பத்து வந்தும், யாதவ ஓட்டு எங்களுக்கு வரவில்லை என்று சொல்லி சில நாளில் கூட்டை முறித்தார். 1996இன் பாடத்தை அவர் மனப்பாடமாக ஒப்பித்தார் என்றே சொல்ல வேண்டும். அந்தப் பாடம் நாற்கோணப் போட்டிக் காலத்துக்கானது. எதிரி நாற்பதுக்கு மேல் வாங்கும் களத்தில் தனியாக நிற்பவர்களை வாக்காளர் கணக்கிலேயே எடுப்பதில்லை. 2022இல் பாஜகவை எதிர்ப்பவர்கள், குறிப்பாக முஸ்லிம்கள், மொத்தமாக அகிலேஷ் பக்கம் போனார்கள். தெருவில் இறங்காமல், கேள்விக்குப் பதில் சொல்லாமல், எழுதி வைத்ததைப் படித்துவிட்டுப் போகும் அவர் பழக்கமும் பாஜகவோடு மறைமுக உடன்பாடு என்ற பேச்சைத் தூண்டியது. ஆதாரம் இருக்கிறதா இல்லையா என்பது வேறு. ஓட்டுப்பெட்டியில் அந்தப் பேச்சுக்கு விலை இருந்தது.

வாரிசு விஷயமும் சீராக இல்லை. குடும்பத்திலிருந்து வாரிசு இல்லை என்று ஒரு காலத்தில் சொன்னவர், 2023 டிசம்பரில் தம்பி மகன் ஆகாஷ் ஆனந்தை வாரிசாக அறிவித்தார். 2024 மே மாதம், தேர்தல் நடந்துகொண்டிருக்கும்போதே நீக்கினார். ஜூனில் திரும்பக் கொண்டுவந்தார். 2025 மார்ச்சில் கட்சியை விட்டே வெளியேற்றினார். ஏப்ரலில் மறுபடி சேர்த்துக்கொண்டார்.

2022இல் அவர் கட்சி வாங்கியது 12.88 சதவீதம், ராஸ்ராவில் ஒரு தொகுதி. ஜாதவ் மக்களின் பங்கு சுமார் 12 சதவீதம் என்று மேலே சொன்னதோடு ஒப்பிட்டுப் பார்த்தால், வெளிவட்டம் முழுக்கக் கரைந்து கரு மட்டும் மிஞ்சியது தெரியும். 2024இல் 9.39. கருவுக்கும் கீழே. அதே தேர்தலில், அவர் முதன்முதலில் வென்ற பிஜ்னோர் மாவட்டத்திலுள்ள நகீனா தனித் தொகுதியில் ஜாதவ் இளைஞரான சந்திரசேகர் ஆசாத் சுமார் ஒன்றரை லட்சம் ஓட்டு வித்தியாசத்தில் வென்றார். யானை நான்காமிடம்.